அறைச் சாவி என்னிடம் இருக்கிறது, மேல் பூட்டு அவர்களுடையது: சீர் சாமானையும் மகளின் பராமரிப்பையும் ஒரே கையெழுத்தில் முடிக்கச் சொல்கிறார்கள்

மனகோலம் (கேள்வி)

எல்லோருக்கும் வணக்கம். கொஞ்சம் நீளமாக எழுதப் போகிறேன். சுருக்கினால் முக்கியமானது விட்டுப்போய்விடும் என்று பயமாக இருக்கிறது.

எனக்கு 34 வயது. காரைக்குடியில் ஆத்தா (அம்மா) வீட்டில் இருக்கிறேன். 2014 தை மாதம் கல்யாணம். ஒரே மகள், 2017-ல் பிறந்தாள், மூன்றாம் வகுப்பு படிக்கிறாள். நானும் மகளும் தனியாக வந்து இரண்டு வருடம் ஆகிறது. ஏன் வந்தேன் என்பதை இங்கே எழுத மனமில்லை. திரும்பிப் போகும் எண்ணம் எனக்கும் இல்லை, கூப்பிடும் எண்ணம் கணவருக்கும் இல்லை. அதில் சண்டையே கிடையாது.

போன வாரம் அவருடைய வக்கீலிடமிருந்து நோட்டீஸ் வந்தது. இருவர் சம்மதத்தோடு விவாகரத்து வாங்கிக்கொள்ளலாம், 15 நாளில் பதில் சொல்ல வேண்டும் என்று. கூடவே நிபந்தனைகள். எனக்கும் மகளுக்கும் சேர்த்து மொத்தம் 9 லட்சம். அதற்குப் பிறகு என் பெயரிலும் மகள் பெயரிலும் எதுவும் கேட்கக் கூடாது. பூர்வீக வீட்டில் மகளுக்குப் பங்கில்லை என்று எழுதிக் கொடுக்க வேண்டும். இவ்வளவுக்கும் கையெழுத்துப் போட்டால் அறையில் இருக்கும் சீர் சாமானைத் திருப்பித் தருவார்களாம்.

அந்த அறையைப் பற்றிச் சொல்ல வேண்டும். வெளியூர்க்காரர்களுக்குப் புரியாது. எங்கள் பக்கத்துப் பெரிய வீடுகளில் வளவை, அதாவது உள் முற்றத்தை, சுற்றி வரிசையாக அறைகள் இருக்கும். கல்யாணமாகித் தனிக்குடித்தனம், எங்கள் பேச்சில் வேறு, வைக்கும்போது ஒவ்வொரு மகனுக்கும் ஒரு அறை. மனைவி கொண்டு வந்த சாமான் எல்லாம் அதற்குள்தான் போகும். நாங்கள் சென்னையில் குடியிருந்தாலும் என் சீர் முழுவதும் அந்த அறையில்தான், வலது பக்கம் மூன்றாவது. சாவி ஒரு சாண் நீளம் இருக்கும். இப்போதும் அது என்னிடம்தான், பலகார அலமாரிப் பக்கத்தில் ஆணியில் தொங்குகிறது. போன பங்குனியில் மகளைக் கூட்டிக்கொண்டு, முன்னோருக்குப் படைக்கும் படைப்புக்குப் போனேன். நாதாங்கியில் புதிதாக ஒரு பூட்டுத் தொங்கியது. யாரிடம் கேட்டாலும் பதில் இல்லை.

அப்பச்சி (என் அப்பா) 2020-ல் தவறிவிட்டார்கள். கல்யாணத்தின்போது அவர்கள் கைப்பட எழுதிய சாமான் சிட்டை என்னிடம் இருக்கிறது. நீல அட்டை நோட்டு. பித்தளை அண்டா 2, வெண்கலப் பானை 1, எவர்சில்வர் அடுக்கு 3, வெள்ளிக் குத்துவிளக்கு ஒரு ஜோடி, மங்கு ஜாடி 4, கொட்டான் (ஓலைக் கூடை) 11 என்று பக்கம் பக்கமாகப் போகிறது. எடை போட வேண்டியதற்கு எதிரே எடை, மற்றதற்கு விலை. கடைசிப் பக்கத்தில், சாமானை எண்ணி வாங்கிய மாமனாரின் தம்பி கையெழுத்துப் போட்டிருக்கிறார். சாமான் பரப்பி வைத்திருந்ததை எடுத்த வீடியோவும் உண்டு. கழுத்துருவும் (எங்கள் பக்கத்துக் கல்யாணத் தாலி நகை) வைரத்தோடும் அந்த அறையில் இல்லை. சென்னையில் ஒரு வங்கி லாக்கரில், அவர் பெயரும் மாமியார் பெயரும் போட்ட லாக்கரில் இருக்கின்றன.

அப்புறம் சென்னை ஃபிளாட். 2018-ல் வாங்கியது, அவர் பெயரில் மட்டும். முன்பணத்துக்கு என் நகையில் 18 பவுனை விற்றோம். விற்ற ரசீது என்னிடம் இருக்கிறது. மாதத் தவணை அவர் சம்பளத்தில் போகிறது.

பேச வந்த பெரியவர்கள் நல்லவர்கள்தான். பெரியப்பச்சி (பெரியப்பா) என் தலையில் கை வைத்து, “கோர்ட்டுப் படி ஏற வேணாம் ஆத்தா. வர்றத வாங்கிக்கிட்டு முடிச்சுக்க. சாமானாவது வீடு வந்து சேரட்டும்” என்றார்கள். பத்திரம் எழுதி இரண்டு பக்கமும் கையெழுத்துப் போட்டால் போதும், அதுவே தீர்வு என்று இன்னொருவர் சொன்னார். எனக்கு ராத்திரி தூக்கம் வரவில்லை. என் அண்டாவும் விளக்கும் வர வேண்டும் என்றால் மகளின் படிப்புச் செலவை நான் விட்டுத்தர வேண்டுமா? இரண்டுக்கும் என்ன சம்பந்தம்?

வேலையை விட்டுவிட்டேன், அப்பாவின் கடையில் மாதம் 25,000 ரூபாய்தான் வருகிறது என்று அவர் நோட்டீஸில் சொல்லியிருக்கிறார். 2023-ல் நான் பார்த்த சம்பளச் சீட்டில் 1,40,000-க்கு மேல் இருந்தது. நான் கல்யாண ஆர்டருக்கு மனகோலம், தேன்குழல், அதிரசம் செய்து தருகிறேன். முகூர்த்த மாதத்தில் 12,000 மிஞ்சும், ஆடி, மார்கழியில் 3,000 கூட நிற்காது. நான் சம்பாதிக்கிறேன் என்று சொன்னால் ஜீவனாம்சம் கிடையாது என்கிறார்களே, உண்மையா? அந்த மேல் பூட்டை நானே உடைக்கலாமா? தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

பழைய சிரஸ்தார்

அம்மா, நான் வக்கீல் இல்லை. நீதிமன்ற அலுவலகத்தில் 31 வருடம் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன். நடைமுறை மட்டும் சொல்கிறேன்.

முதலில், பூட்டை உடைக்காதீர்கள். சாமான் உங்களுடையது, சாவியும் உங்களுடையது. ஆனால் வீட்டில் வேறு ஆட்கள் இருக்கிறார்கள். உடைத்த அன்று சாயங்காலமே, “வெள்ளிச் சாமானைக் காணோம், வந்து எடுத்துப் போய்விட்டாள்” என்று புகார் போகும். அதன் பிறகு நீங்கள் கேட்கிற இடத்தில் இருக்க மாட்டீர்கள், பதில் சொல்கிற இடத்தில் இருப்பீர்கள்.

இரண்டாவது, வந்திருப்பது வக்கீல் நோட்டீஸ். கோர்ட் சம்மன் இல்லை. 15 நாள் என்பது அவர்களாகப் போட்ட கெடு. தாண்டினால் உங்கள் உரிமை எதுவும் போகாது. ஆனாலும் சும்மா இருக்க வேண்டாம், ஒரு வக்கீல் வைத்து மறுப்பு நோட்டீஸ் அனுப்புங்கள். பணம் தடையாக இருந்தால் 15100-க்குப் போன் செய்யுங்கள், அல்லது மாவட்டச் சட்டப்பணிகள் ஆணைக்குழுவுக்கு நேரில் போங்கள். 1987 சட்டப்பணிகள் சட்டப்படி பெண்களுக்கும் குழந்தைகளுக்கும் வருமானம் பார்க்காமல் இலவச வக்கீல் உண்டு. பலகாரம் விற்கிறேன், எனக்குத் தர மாட்டார்கள் என்று நினைக்காதீர்கள்.

பத்திரத்தில் எழுதினால் தீர்வு என்று சொன்னவர் உங்களைக் கிணற்றில் இறக்கப் பார்க்கிறார், தெரியாமலே. விவாகரத்து செல்லுபடியாகிற வழக்கம் உங்கள் சமூகத்தில் காலங்காலமாக உண்டு என்று நிரூபித்தால் ஒழிய, முத்திரைத்தாளில் எழுதிக்கொண்ட பிரிவு விவாகரத்து ஆகாது. எழுதி வைத்துவிட்டு இரண்டாம் கல்யாணம் செய்து, பிறகு வழக்கில் மாட்டியவர்களைக் கண்ணால் பார்த்திருக்கிறேன்.

அவர் சென்னையில் மனுப் போட்டுவிட்டால் ஒவ்வொரு வாய்தாவுக்கும் ரயில் ஏற வேண்டுமே என்று பயப்பட வேண்டாம். மனைவி குடியிருக்கும் ஊரிலேயே விவாகரத்து மனுப் போடலாம் என்று 2003-ல் சட்டத்தைத் திருத்திவிட்டார்கள். பராமரிப்பு மனுவும் நீங்கள் இருக்கும் இடத்திலேயே போடலாம். அவர் முந்திக்கொண்டால் உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளையிலோ சென்னையிலோ மாற்றல் மனு கேட்கலாம். பெண், கூடவே சின்னப் பிள்ளை என்றால் நீதிமன்றம் அதைக் கணக்கில் எடுக்கும்.

கடைசியாக, அந்த நீல நோட்டை யாரிடமும் அசலாகக் கொடுக்காதீர்கள். பெரியவர்கள் கேட்டாலும் நகல்தான்.

மதுரை வக்கீல்

நான் உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளையில் வழக்கு நடத்துகிறவள். உங்கள் ஆவணங்களைப் பார்க்காமல் சொல்வதால் இதைப் பொதுவான விளக்கமாக எடுத்துக்கொள்ளுங்கள்.

உங்கள் கேள்வியிலேயே பதில் இருக்கிறது: இரண்டுக்கும் சம்பந்தமே இல்லை. நான்கு தனித்தனி விஷயங்களை ஒரே பொட்டலமாகக் கட்டி உங்கள் முன் வைத்திருக்கிறார்கள். கட்டியவருக்கு அது லாபம். நீங்கள் பிரித்துத்தான் பார்க்க வேண்டும்.

சீதனம் முழுக்க உங்கள் சொத்து. கணவர் வீட்டில் இருப்பது உங்களுக்காகப் பாதுகாப்பில் இருப்பது மட்டுமே. 1985-ல் பிரதிபா ராணி வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகச் சொல்லிவிட்டது. கேட்டும் தராமல் வைத்திருந்தால் நம்பிக்கை மோசடிக் குற்றம்கூட ஆகலாம். ஆனால் குற்ற வழக்கைவிட உங்களுக்குச் சீக்கிரம் பயன்படுவது 2005-ன் குடும்ப வன்முறைத் தடுப்புச் சட்டம். அடித்தால்தான் அந்தச் சட்டம் என்று நினைக்கிறார்கள். சீதனத்தைத் தராமல் வைத்துக்கொள்வதையும் அது பொருளாதார வன்முறை என்றே சொல்கிறது. 19(8) பிரிவில் சாமானைத் திருப்பித் தரச் சொல்லி மாஜிஸ்திரேட் உத்தரவிடலாம். 18-ஆம் பிரிவில் லாக்கரை இயக்கக் கூடாது என்று தடை கேட்கலாம். அதை முதலில் கேளுங்கள். அண்டாவை ஒரு ராத்திரியில் தூக்கிக்கொண்டு போக முடியாது, கழுத்துருவை முடியும்.

சிட்டை நல்ல சாட்சி. கல்யாணப் பரிசுகளுக்குப் பட்டியல் எழுதி இரண்டு பக்கமும் கையெழுத்துப் போட வேண்டும் என்று வரதட்சணைத் தடுப்புச் சட்டத்தின் கீழ் 1985 விதியே இருக்கிறது. யாரும் செய்வதில்லை. உங்கள் அப்பச்சி கிட்டத்தட்டச் செய்து வைத்திருக்கிறார்கள். வீடியோவின் அசல் வட்டைத் தொலைத்துவிடாதீர்கள். பிரதி தாக்கல் செய்யும்போது 2023 சாட்சியச் சட்டம் 63-ஆம் பிரிவின்படி சான்றிதழ் வேண்டும்.

மகளின் பராமரிப்பு மகளின் உரிமை. அதை நீங்கள் எழுதிக்கொடுத்து ஒழிக்க முடியாது, எழுதி வாங்கியிருந்தாலும் நீதிமன்றம் அதனால் கட்டுப்படாது. பழைய 125-ஆம் பிரிவு இப்போது புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 144-ஆம் பிரிவு. அதில் பிள்ளைக்கு 18 வயது வரை கிடைக்கும். 1956-ன் இந்து தத்தெடுப்பு மற்றும் பராமரிப்புச் சட்டம் 20-ஆம் பிரிவில், தன்னைத் தானே பார்த்துக்கொள்ள முடியாத மகளுக்குக் கல்யாணம் ஆகும் வரை உண்டு. 2020-ல் அபிலாஷா வழக்கில் இந்த வேறுபாட்டை உச்ச நீதிமன்றம் விளக்கியது. எட்டு வயதுப் பிள்ளைக்கு 9 லட்சத்தில் ஒரு பங்கு என்றால் கல்லூரி வாசல் வரைகூட வராது.

அவருடைய 25,000 கதைக்கு மருந்து 2020-ன் ரஜ்னேஷ் – நேஹா தீர்ப்பு. பராமரிப்பு வழக்கில் இருவரும் சொத்து, வருமானம், கடன், செலவு எல்லாவற்றையும் பிரமாணப் பத்திரமாகத் தாக்கல் செய்ய வேண்டும். வங்கிக் கணக்கு, வருமான வரிக் கணக்கு, முதலீடு எல்லாம் வெளியே வரும். மறைத்தால் அவருக்கு எதிராக அனுமானம் எடுக்கலாம். ஃபிளாட்டின் தவணையே மாதம் 40,000 என்றால் 25,000 வருமானத்தில் யார் கட்டுகிறார்கள் என்று கேட்பது ஒரு நிமிட வேலை. மனுப் போட்ட தேதியிலிருந்து பராமரிப்பு தர வேண்டும் என்பதும் அந்தத் தீர்ப்பில்தான். அதனால் தள்ளிப்போடாதீர்கள். சம்பளத்தில் 25% என்று வாய்ப்பாடு போலச் சொல்வார்கள். 2017-ல் ஒரு வழக்கில் அந்த அளவு நியாயம் என்று உச்ச நீதிமன்றம் சொன்னது உண்மை. ஆனால் சட்டத்தில் விகிதம் எதுவும் இல்லை.

நீங்கள் சம்பாதிப்பது தடை இல்லை. கணவரோடு இருந்தால் எந்த நிலையில் இருந்திருப்பீர்களோ அதற்கு அது போதுமா என்றுதான் பார்ப்பார்கள். தொகையைக் கணக்கிடும்போது உங்கள் வருமானம் சேரும், அவ்வளவுதான். மறைக்காமல் எழுதுங்கள். ஆடி மாதக் கணக்கையும் எழுதுங்கள்.

ஃபிளாட் விஷயத்தில் நல்ல செய்தி மட்டும் சொல்ல முடியவில்லை. கல்யாணத்துக்குப் பிறகு வாங்கியதெல்லாம் பாதிப் பாதி என்ற சட்டம், கோவா தவிர, நம் நாட்டில் இல்லை. பத்திரம் யார் பெயரிலோ அவருடையது என்பதுதான் தொடக்கப்புள்ளி. வீட்டைக் கவனித்த மனைவியின் உழைப்பும் சொத்து சேர்ப்பதில் பங்களிப்புதான் என்று 2023 ஜூனில் சென்னை உயர் நீதிமன்றம் ஒரு வழக்கில் பாதிப் பங்கு தந்தது, அதை வாதமாக எடுத்து வைக்கலாம். ஆனால் அதைவிட உறுதியானது உங்கள் 18 பவுன் ரசீது. அந்த நகை சீதனம். அதை விற்ற பணம் முன்பணத்துக்குப் போனது என்று வங்கிக் கணக்கில் தேதியோடு காட்ட முடிந்தால், அந்த அளவுக்குக் கேட்க உங்களுக்கு நல்ல காரணம் இருக்கிறது. ரசீது தேதியும் கட்டுநருக்குப் பணம் போன தேதியும் எவ்வளவு பக்கம் என்று பாருங்கள்.

பூர்வீக வீடு. அது கொள்ளுத்தாத்தா காலத்திலிருந்து பாகம் பிரியாமல் வருகிற கூட்டுக் குடும்பச் சொத்தாக இருந்தால், இந்து வாரிசுரிமைச் சட்டத்தின் 2005 திருத்தத்துக்குப் பிறகு மகளுக்கும் பிறப்பாலேயே உரிமை உண்டு. 2020-ல் வினீதா சர்மா வழக்கும் இதை உறுதிசெய்தது. இடையில் உயில், பாகப்பிரிவினை, தனிச் சொத்தாக வாரிசு வழி வந்தது என்று ஏதாவது இருந்தால் கணக்கு மாறும். தாய்ப் பத்திரங்களைப் பார்க்காமல் சொல்ல முடியாது. எப்படியானாலும் நீங்கள் விவாகரத்து வாங்குவதால் மகள் அவருக்கு மகள் இல்லாமல் போக மாட்டாள். பங்கில்லை என்ற வரியில் கையெழுத்துப் போடாதீர்கள். இத்தனை பங்காளிகள் இருக்கும் வீட்டில் அந்தப் பங்கு எவ்வளவு சிறியதாக இருந்தாலும் அதை விட நீங்கள் யார்?

இருவர் சம்மத விவாகரத்து தவறில்லை. இந்து திருமணச் சட்டம் 13பி பிரிவு, ஒரு வருடம் பிரிந்திருந்தால் போதும். ஆறு மாதக் காத்திருப்பையும் பொருத்தமான வழக்கில் நீதிமன்றம் தளர்த்தலாம் என்று 2017-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது. ஆனால் தீர்ப்பு வரும் வரை உங்கள் சம்மதத்தைத் திரும்பப் பெறலாம் என்பதை நினைவில் வையுங்கள். அவருக்கு உங்கள் சம்மதம் தேவைப்படுகிறது. அதன் மதிப்பு உங்களுக்குத் தெரிய வேண்டும்.

மனகோலம்

வக்கீல் அம்மா, ஐயா, இரண்டு பேருக்கும் நன்றி. ரசீது தேதி 2018 ஆவணி 6. கட்டுநருக்குப் பணம் போனது ஆவணி 9. இப்போதுதான் எடுத்துப் பார்த்தேன். கை நடுங்குகிறது.

புதுவயல் அக்கா

தங்கச்சி, நான் இதே பாதையில் நாலு வருடம் நடந்தவள். சட்டம் அவர்கள் சொல்லிவிட்டார்கள். நான் கணக்கு நோட்டைப் பற்றிச் சொல்கிறேன்.

பிள்ளைக்கு மாதம் எவ்வளவு செலவு என்று நீதிபதி கேட்டபோது, “ஒரு பத்தாயிரம் இருக்கும்ங்க” என்று சொல்லிவிட்டேன். மனதில் வந்த எண். அதையே பிடித்துக்கொண்டார்கள். வீட்டுக்கு வந்து உட்கார்ந்து எழுதிப் பார்த்தால் 16,000-க்கு மேல் போகிறது. பள்ளிக் கட்டணத்தை வருடத்துக்கு ஒரு முறை கட்டுவதால் மாதக் கணக்கில் அது என் மனதில் வரவே இல்லை. வேன், நோட்டு, காலணி, பல் டாக்டர், தீபாவளித் துணி, பள்ளிச் சுற்றுலா என்று எதையும் நான் சேர்க்கவில்லை. நீ இன்றைக்கே ஒரு நோட்டுப் போடு. சின்ன ரசீதையும் ஒட்டு. ரசீது இல்லாததைத் தேதியோடு எழுது. மகளுக்கு ஆகும் பால், மளிகை, வாடகைப் பங்குகூட அவளுடைய செலவுதான். ஆத்தா வீட்டில் இருக்கிறோம் என்பதால் அவளுக்குச் சாப்பாட்டுச் செலவு இல்லை என்று ஆகிவிடாது.

மொத்தத் தொகையாக முடிவானால், உன் பங்கையும் மகள் பங்கையும் தனித்தனி எண்ணாக எழுதச் சொல். மகள் பங்கைத் தேசியமயமாக்கப்பட்ட வங்கியில் அவள் பெயரில் வைப்புத்தொகையாகப் போடச் சொல். சமரச மையத்தில் தட்டச்சு செய்து நீட்டுவார்கள். சாயங்காலம் ஆகியிருக்கும், பசிக்கும், எல்லோரும் கிளம்ப நிற்பார்கள். அவசரப்படாதே. ஒவ்வொரு வரியையும் வாய்விட்டுப் படி. என்னுடையதில் “இனி எந்தக் கோரிக்கையும் இல்லை” என்ற வரிக்குள் மகன் பெயரும் இருந்தது. கடைசி நிமிடத்தில் என் சின்னாத்தாதான் பார்த்தார்கள்.

உத்தரவு வந்தும் அவர் தரவில்லை என்றால் உடனே நிறைவேற்று மனுப் போடு. 144-ன்படி நிலுவையை வசூலிக்க, தொகை தர வேண்டிய நாளிலிருந்து ஒரு வருடத்துக்குள் கேட்க வேண்டும். நான் இரக்கப்பட்டு 14 மாதம் விட்டதில் சில மாதத் தொகை அந்த வழியில் கிடைக்காமல் போனது.

இரண்டாம் ஞாயிறு

அம்மா, நான் இந்தப் பக்கத்தில் இருப்பவன் இல்லை, அந்தப் பக்கத்தில் இருப்பவன். விவாகரத்தாகி மகனுக்கு மாதாமாதம் பணம் அனுப்புகிற அப்பா. மாதத்தில் இரண்டாம், நான்காம் ஞாயிறு பிள்ளையைப் பார்க்கிறேன்.

ஒன்று மட்டும் சொல்ல வந்தேன். உங்கள் பதிவில் மகளை அவர் பார்க்க வருகிறாரா என்று ஒரு வரிகூட இல்லை. வருகிறார் என்றால் தடுக்காதீர்கள். பணம் தராததால் பிள்ளையைக் காட்ட மாட்டேன் என்றோ, பிள்ளையைக் காட்டாததால் பணம் தர மாட்டேன் என்றோ நீதிமன்றத்தில் சொல்ல முடியாது. இரண்டையும் தனியாகத்தான் பார்க்கிறார்கள். எனக்கும் அது தாமதமாகத்தான் புரிந்தது. ஏழு மாதம் கோபத்தில் பணம் அனுப்பாமல் இருந்தேன். அந்த ஏழு மாதத்தில் மகனுக்கு டைபாய்டு வந்ததே எனக்குத் தெரியாது. அந்த வருத்தம் இன்னும் போகவில்லை.

மனகோலம்

அண்ணே, நீங்கள் எழுதியதை இரண்டு முறை படித்தேன். அவர் மாதம் ஒரு முறை போனில் பேசுவார். நேரில் வந்து ஒரு வருடம் ஆகிறது. நான் தடுக்கவில்லை, கூப்பிடவும் இல்லை. என் மனுவிலேயே, விடுமுறையில் மகளைப் பார்க்க எனக்கு ஆட்சேபம் இல்லை என்று ஒரு பத்தி சேர்க்கச் சொல்லியிருக்கிறேன்.

மனகோலம் (ஆறு மாதம் கழித்து)

நடந்ததைச் சொல்லாமல் இருந்தால் சரியில்லை என்று எழுதுகிறேன்.

இலவசச் சட்ட உதவியில் ஒரு பெண் வக்கீல் கிடைத்தார்கள். மறுப்பு நோட்டீஸ் அனுப்பினோம். பிறகு குடும்ப வன்முறைச் சட்டத்தில் ஒரு மனு, பராமரிப்புக்குத் தனியாக ஒரு மனு. முதல் மூன்று வாய்தாவில் எதுவும் நடக்கவில்லை. நாலாவதில் லாக்கரைத் திறக்கக் கூடாது என்று இடைக்காலத் தடை வந்தது. அவர் தாக்கல் செய்த பிரமாணப் பத்திரத்தில் 25,000 என்றே இருந்தது. கூடவே இணைத்த வங்கிக் கணக்கில் மாதம் 38,600 வீட்டுத் தவணை தவறாமல் போயிருந்தது. எங்கள் வக்கீல் அந்தப் பக்கத்தை மட்டும் நீதிபதியிடம் நீட்டினார்கள். வழக்கு முடியும் வரை மகளுக்கு மாதம் 15,000, எனக்கு 7,000, மனுப் போட்ட தேதியிலிருந்து என்று உத்தரவு. இரண்டு மாதத் தொகை வந்துவிட்டது, மீதி பாக்கி.

போன மாதம் அறையைத் திறந்தார்கள். உத்தரவோடு பாதுகாப்பு அலுவலர், ஒரு பெண் காவலர், நான், ஆத்தா, இரண்டு பக்க வக்கீல்கள். அவர்கள் தங்கள் பூட்டைத் திறந்தார்கள். அதன் பிறகு நான் என் சாவியைப் போட்டேன். துரு ஏறிச் சுற்றவே இல்லை. விளக்குக்கு ஊற்றும் எண்ணெயைக் கொஞ்சம் விட்டுக் கால் மணி நேரம் காத்திருந்தோம்.

அலுவலர் அப்பச்சியின் சிட்டையை வாசிக்க, நான் எடுத்துக் காட்ட வேண்டும். பித்தளை அண்டா ஒன்று. ஒன்றுதானா? ஒன்றுதான். இல்லை என்று எழுதிக்கொண்டார்கள். வெண்கலப் பானை, இருக்கிறது. அதற்குள் அப்பச்சி சுற்றி வைத்த மஞ்சள் துணி அப்படியே இருந்தது. ஆத்தா அதை வெளியே எடுத்து மடியில் வைத்துக்கொண்டு அதன் பிறகு எழுந்திருக்கவே இல்லை. கொட்டான் பதினொன்றில் ஏழு, மேலே போட்ட பின்னல் நூல் இற்றுப்போய்க் கையோடு வந்தது. வெள்ளிக் குத்துவிளக்கு இல்லை. எல்லாம் முடிய நாலரை மணி நேரம் ஆனது. 63 வரிகளில் 52 கிடைத்தன. இல்லாத 11-க்கும் எடையோ விலையோ சிட்டையிலும் உருவம் வீடியோவிலும் இருப்பதால் மதிப்பைக் கேட்டு மனுப் போடலாம் என்கிறார்கள் வக்கீல்.

மூலையில் மகளின் நடைவண்டி நின்றது. சிட்டையில் அது இல்லை, அவள் பிறந்த பிறகு வாங்கியது. எழுத வழியில்லை என்று அலுவலர் தயங்கினார்கள். மாமியார் அதுவரை வளவுத் தூணை ஒட்டி ஒரு வார்த்தை பேசாமல் நின்றிருந்தார்கள். “அது புள்ளையோடது. எடுத்துட்டுப் போகட்டும்” என்றார்கள். அதை அலுவலர் தனிக் காகிதத்தில் எழுதி, அவர்களிடமும் என்னிடமும் கையெழுத்து வாங்கினார்கள்.

இருவர் சம்மத மனுவுக்கு நான் இன்னும் சம்மதம் சொல்லவில்லை. மகளின் தொகையைத் தனி எண்ணாகப் போட்டு, வீட்டுப் பங்கு வரியை எடுத்துவிட்டு, புதிய வரைவு அனுப்புவதாக அவர்கள் வக்கீல் சொல்லியிருக்கிறார். பெரியப்பச்சியிடம் நானே போய் எல்லாவற்றையும் சொன்னேன். அவர்கள் நோட்டை வாங்கி அப்பச்சி எழுத்தை ரொம்ப நேரம் பார்த்தார்கள். நகல்தான் கொடுத்தேன், ஐயா.

ஒரு கேள்வி பாக்கி இருக்கிறது. தடை உத்தரவு வருவதற்கு முன்னால் லாக்கரை யாராவது திறந்தார்களா என்று எப்படித் தெரிந்துகொள்வது?

மதுரை வக்கீல்

எந்தத் தேதியில் யார் வந்து திறந்தார்கள் என்று வங்கியில் பதிவு இருக்கும். உங்களுக்கு நேரடியாகத் தர மாட்டார்கள். அந்தப் பதிவேட்டை வரவழைக்கச் சொல்லி அடுத்த வாய்தாவுக்குள் மனுப் போடச் சொல்லுங்கள். 2023 முதல் இன்று வரை என்று கால அளவைக் குறிப்பிட்டுக் கேட்க வேண்டும். கூடவே லாக்கரைத் திறந்து பட்டியல் எடுக்க நீதிமன்றம் நியமிக்கும் ஒரு வழக்கறிஞர் ஆணையரையும் கேளுங்கள். கழுத்துருவின் எடை சிட்டையில் இருக்கிறதா?

மனகோலம்

இருக்கிறது. இரண்டாம் பக்கம், முதல் வரி.